வாசற்படியை மிதிக்காதவர்கள்

துருக்கிக்குப் போகிறவர்கள் பலரும் கப்படோக்கியாவில் பலூன் ஏறிப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். பக்கத்திலேயே, நெவ்ஷேஹிர் நகருக்கு வடக்கே சுமார் 45 கிலோமீட்டரில் ஹாஜிபெக்தாஷ் என்றொரு சிற்றூர். 13ஆம் நூற்றாண்டில் குராசானிலிருந்து வந்த ஞானி ஹாஜி பெக்தாஷ் வேலி அடங்கிய இடம் இது. ஹஜ்ரத் அலியையும் பன்னிரண்டு இமாம்களையும் நெஞ்சில் வைத்திருக்கும் அலெவி மக்களுக்குப் பெரிய புண்ணியத் தலம்.

அவருடைய மடத்தின் உள்ளே ஒன்றையடுத்து ஒன்றாக மூன்று முற்றங்கள். இரண்டாவதில் சிங்கத்தின் வாயிலிருந்து தண்ணீர் விழுகிறது. சமையல் கூடத்தில் ஊருக்கே சோறு பொங்கும் அளவுக்குக் கரிய அண்டா. அதே முற்றத்தில் ஒரு மசூதி. 1826இல் சுல்தான் இரண்டாம் மஹ்மூத், ஞானியின் பெயரால் வழங்கும் பெக்தாஷி நெறியைத் தடைசெய்த பிறகு வந்தது. மூன்றாம் முற்றத்தில்தான் ஞானியின் அடக்கத்தலம். வருகிறவர்கள் நிலைப்படியை முத்தமிட்டு, மிதிக்காமல் தாண்டி உள்ளே போகிறார்கள்.

ஆனால் அரசுக் கணக்கில் இது அருங்காட்சியகம். 1925இல் குடியரசு எல்லா சூஃபி மடங்களையும் மூடியது. இது 1964இல் அருங்காட்சியகமாகத் திறந்தது.

அலெவிகளின் வழிபாட்டுக்கு ஜெம் என்று பெயர். ஆணும் பெண்ணும் ஒரே வட்டமாக உட்காருவார்கள். நடத்தும் பெரியவர் தெதே. அவர் முதலில் கேட்பது, இங்கே யாருக்காவது யார்மேலாவது மனத்தாங்கல் உண்டா என்பதுதான். இருந்தால் பேசித் தீர்த்தாக வேண்டும், அப்புறம்தான் வழிபாடு. பிறகு சாஸ் என்னும் நரம்பு வாத்தியம் ஒலிக்க, செமாஹ் என்று சுழன்றாடுவார்கள். கேட்கும்போதே நமக்கும் இப்படி ஒன்று இருக்கக்கூடாதா என்று தோன்றுகிறது.

அலெவிகளுக்குத் துயரமான நாளும் ஒன்று உண்டு: 1993 ஜூலை 2. சிவாஸ் நகரில் அலெவிக் கவிஞர் பீர் சுல்தான் அப்தால் பெயரிலான விழாவுக்கு வந்தவர்கள் தங்கியிருந்த மதிமாக் ஹோட்டலுக்கு ஒரு கும்பல் தீவைத்தது. எழுத்தாளர்கள், பாடகர்கள், செமாஹ் ஆட வந்த இளையவர்கள் என விழாவுக்கு வந்த 33 பேரும், ஹோட்டல் ஊழியர் இருவரும் இறந்தார்கள். அந்தக் கட்டடத்தை நினைவு அருங்காட்சியகமாக்கக் கேட்டார்கள் அலெவிகள். அரசு அதை அறிவியல், கலாச்சார மையமாக்கியது.

ஜெம் நடக்கும் இல்லங்களுக்கு வழிபாட்டிடம் என்ற சட்டத் தகுதி இன்னும் இல்லை. மசூதியின் மின் கட்டணத்தை அரசு ஏற்றது. ஜெம் இல்லங்களுக்கு அலெவிகள் தாங்களே கட்டினார்கள். அது பாரபட்சம் என்று 2014இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2022இல் இந்த இல்லங்களுக்கென ஒரு தனி அலுவலகம் வந்தது, அதுவும் கலாச்சார, சுற்றுலா அமைச்சகத்தின் கீழ்!

ஆகஸ்ட் நடுவில் ஹாஜிபெக்தாஷுக்குப் போனால் ஞானியின் நினைவு விழாவைப் பார்க்கலாம். ஜெர்மனியில் குடியேறிய குடும்பங்களும் வருகின்றன. அங்கே பல மாநிலங்களின் அரசுப் பள்ளிகளில் அலெவி நெறி ஒரு பாடம்.