பாஸ்போர்ட் கட்டணம்: அரசுக்கு எவ்வளவு?

மும்பையிலும் தில்லியிலும் கொல்கத்தாவிலும் வாழும் நம்மவருள் பலர், பாஸ்போர்ட் என்றதும் தரகரைத் தேடிச் செல்கின்றனர். அவர் கேட்கும் தொகையில் அரசுக்குச் சேர்வது எவ்வளவு என்று கேட்பவர் சிலரே. வெளிநாட்டு வேலைக்குப் புறப்படும் ஏழைத் தொழிலாளிக்கோ, அது கடன் வாங்கிக் கொடுக்கும் பணம். ஆகவே அக்கணக்கைச் சற்று ஆராய்வோம்.

வயது வந்தோர்க்கான 36 பக்கப் பாஸ்போர்ட்டுக்கு 2012 அக்டோபரில் விதிக்கப்பட்ட கட்டணம் 1,500 ரூபாய். அது 10 ஆண்டுகள் செல்லும். 60 பக்கம் வேண்டின் 2,000 ரூபாய். ஐந்தாண்டு செல்லும் சிறுவர் பாஸ்போர்ட்டுக்கு 1,000 ரூபாய். புதிதாகப் பெறும் எட்டு வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கும், 60 வயதைக் கடந்த முதியோர்க்கும் பத்தில் ஒரு பங்கு தள்ளுபடி உண்டு. விரைவில் பெற விரும்புவோர் தத்கால் முறையில் மேலும் 2,000 ரூபாய் செலுத்துதல் வேண்டும். தொலைத்துவிட்டு மறுபடி பெறுவோர்க்கு, 36 பக்கத்திற்கே 3,000 ரூபாய் ஆகும். காவல் துறை விசாரணைக்கெனத் தனிக் கட்டணம் ஏதும் இல்லை. வருகின்ற காவலர்க்கு நாம் எதுவும் தரவேண்டியதில்லை.

இதற்கெனச் சொந்த ஊருக்குப் பயணம் போகவும் வேண்டுவதில்லை. 2018 முதல் நாட்டின் எப்பகுதியிலிருந்தும் மனுச் செய்யலாம். தற்போது வசிக்கும் முகவரியைச் சான்றுடன் தந்தால், விசாரணையும் அங்கேயே நடைபெறும். பணத்தை அரசின் பாஸ்போர்ட் சேவா இணையதளத்தில் மட்டுமே செலுத்துவோமாக. அதனைப்போலத் தோற்றமளிக்கும் போலித் தளங்களும் உண்டு.

இக்கட்டணம் போக மிஞ்சுவது தரகரின் கூலி. அதனைக் கொடுப்பதா, நாமே மனுச் செய்வதா என்பதை இக்கணக்கைக் கையில் வைத்துக்கொண்டு முடிவு செய்வோம்.