தண்டனை முந்துவதா? விசாரணை முந்துவதா?

(மூங்கில்துறைப்பட்டில் கூட்டுறவு வங்கி ஊழியரிடையே ஆற்றிய உரை)

 

தென்பெண்ணையாற்றங்கரையில் அமைந்த இவ்வூரின் சர்க்கரை ஆலை கூட்டுறவு ஆலை. அதற்குக் கரும்பு வளர்க்கும் உழவர் பயிர்க்கடன் பெறுவது தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுச் சங்கத்திலே. அச்சங்கத்துக்கு நிதி தருவது மாவட்ட மத்தியக் கூட்டுறவு வங்கி. அதற்கும் மேலே, 1905-இல் சென்னையிலே மத்திய நகர வங்கியாகப் பிறந்து, இன்று மாநிலத் தலைமைக் கூட்டுறவு வங்கியாக விளங்கும் நிறுவனம். இந்த மூன்றடுக்கு மாளிகையைத் தாங்கி நிற்கும் ஊழியரின் குறையை இவ்வூரிலே பேசாமல் வேறு எங்கே பேசுவது?

முதலில் ஒன்றைத் தெளிவாக்குகிறேன். ஒழுங்கு நடவடிக்கையே கூடாதென்று வாதாட நாம் வரவில்லை. சங்கத்தின் பெட்டகத்திலே இருப்பது ஏழைத் தாய்மாரின் தாலிப் பொன். 2021-இல் ஐந்து சவரன் வரையிலான நகைக்கடன் தள்ளுபடியையொட்டி நடந்த ஆய்விலே, சில சங்கங்களின் முறைகேடுகள் அம்பலமாயின. அத்தகைய குற்றம் புரிந்தவருக்குப் பரிந்து பேச நமக்கு வாயும் இல்லை, மனமும் இல்லை.

ஆனால் நாம் கேட்கிறோம்: குற்றவாளியைத் தண்டிப்பதற்கு ஏற்பட்ட முறை, குற்றமற்றவரையும் ஆண்டுக்கணக்கில் வாட்டலாமா? குற்றச்சாட்டுக் குறிப்பாணை ஒன்று கொடுக்கப்படுகிறது. விசாரணை தொடங்குவதில்லை, தொடங்கினால் முடிவதில்லை. அதற்குள் பதவி உயர்வுப் பட்டியல் வருகிறது. "உம்மீது நடவடிக்கை நிலுவையில் இருக்கிறது" என்று ஒரே வரியில் பெயர் நீக்கப்படுகிறது. பின்னால் வந்தவர் மேலாளராகிறார். முன்னால் வந்தவர் எழுத்தராகவே ஓய்வு பெறுகிறார். தீர்ப்பு வருமுன்பே தண்டனை நிறைவேறிவிட்டது! இதற்குப் பெயர் ஒழுங்கா?

சட்டம் என்ன சொல்கிறது? மத்திய அரசு ஊழியர் தொடர்பான ஜானகிராமன் வழக்கிலே 1991-இல் உச்ச நீதிமன்றம் கூறியது: குறிப்பாணை முறைப்படி வழங்கப்பட்ட பிறகே பதவி உயர்வு முடிவை முத்திரையிட்ட உறையில் நிறுத்தி வைக்கலாம், வெறும் புகாரோ, பூர்வாங்க விசாரணையோ போதாது. 1993-இல், கருணாகர் வழக்கிலே, விசாரணை அதிகாரியின் அறிக்கையை ஊழியருக்குக் கொடுத்து, அவர் பதிலைக் கேட்ட பிறகே முடிவு செய்ய வேண்டும் என்றது. 2015-இல், அஜய் குமார் சௌத்ரி வழக்கிலே, மூன்று மாதத்துக்குள் குறிப்பாணை வழங்காவிட்டால் தற்காலிக வேலைநீக்கம் நீடிக்கலாகாது என்றது. தமிழ்நாட்டின் 1981-ஆம் ஆண்டுப் பிழைப்பூதியச் சட்டமோ, முதல் 90 நாட்களுக்குப் பாதி ஊதியமும், 180 நாள் வரை முக்கால் ஊதியமும், அதற்கு மேல் முழு ஊதியமும் தரச் சொல்கிறது. தாமதத்தின் சுமை நிர்வாகத்தின் தோளில் ஏற வேண்டும் என்பதே அதன் கருத்து.

இத்தனை இருந்தும் கூட்டுறவு ஊழியர் ஏன் தவிக்கிறார்? அவருக்கு உரிய வாயில் எது என்பதே வழக்காகிவிட்டது. ஆந்திரக் கூட்டுறவு மத்திய வங்கிகளின் வழக்கிலே, 1969-இல், பணி நிலைமைத் தகராறு தொழில் தீர்ப்பாயத்துக்கே உரியது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது; சங்கத்தின் துணைவிதிகளுக்குச் சட்டத்தின் வலிமை இல்லை என்றும் சொன்னது. நம் மாநிலத்தின் 1983-ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், 90-ஆம் பிரிவிலே, ஒழுங்கு நடவடிக்கைத் தகராறுகளை விலக்கி வைத்தது. 153-ஆம் பிரிவின்படி பதிவாளரிடம் சீராய்வு கேட்கலாம். உயர் நீதிமன்றத்துக்கு ஓடினாலோ, 2006-இல் மாரப்பன் வழக்கிலே, ஐந்து நீதிபதிகள் கொண்ட ஆயம், அரசு என்ற இலக்கணத்தில் அடங்காத சங்கத்தின் மீது ரிட் மனு பொதுவாகச் செல்லாது என்று கூறிவிட்டது.

உரிமை கேட்டால், "நீர் அரசு ஊழியர் அல்லர்" என்கிறார்கள். தண்டிக்கும்போதோ துறையின் அதிகாரிகளே ஆணையிடுகிறார்கள். தேர்ந்தெடுத்த நிர்வாகக் குழு இல்லாத காலங்களில் துறையின் தனி அலுவலரே நாற்காலியில் அமர்கிறார். அவர் ஆணையைச் சீராய்வதும் அதே துறை! எழுதிய கையே திருத்தும் கையாகவும் இருந்தால் நீதி எப்படிப் பிறக்கும்?

ஆகவே நம் கோரிக்கை மூன்று. குறிப்பாணை கொடுத்த நாளிலிருந்து விசாரணையை முடிக்கக் கெடு வேண்டும். கெடு தாண்டினால் பதவி உயர்வைத் தடுக்கலாகாது. பணிமூப்புப் பட்டியல் ஆண்டுதோறும் அறிவிப்புப் பலகையில் ஒட்டப்பட வேண்டும். மேல்முறையீட்டைக் கேட்பவர், தண்டித்த துறைக்கு வெளியே இருப்பவராக இருத்தல் வேண்டும்.

இது ஊழியருக்கு மட்டும் கேட்கும் சலுகை அன்று. உழவர் பெருமக்களே, உங்கள் பெயரில் வேறொருவர் கடன் எடுக்க முயலும்போது, "கையெழுத்திட மாட்டேன்" என்று மறுக்க வேண்டியவர் அந்த எழுத்தர். மறுத்தால் குறிப்பாணை, இசைந்தால் பதவி உயர்வு என்ற நிலை வந்தால், அவர் எத்தனை நாள் மறுப்பார்? அவர் அஞ்சாமல் இருந்தால்தான் உங்கள் பணம் பத்திரமாக இருக்கும். அவருடைய நியாயத்திலே உங்கள் நியாயமும் அடங்கியிருக்கிறது.