சமய நம்பிக்கையும் மாணவர் கட்டுரை ஏடும்

 

கழகம் இருபத்தைந்து ஆண்டுகளை நிறைவு செய்யும் இந்நன்னாளில், அரசுப் பள்ளி வகுப்பறையில் சமய நம்பிக்கையைப் பற்றி எவ்வாறு பேசுவது, மாணவர் அதை எழுதினால் ஆசிரியர் எவ்வாறு திருத்துவது என்னும் பொருள்பற்றிப் பேசப் பணித்துள்ளீர்கள். மதச்சார்பற்ற பள்ளியில் மதம் என்ற சொல்லே எழக்கூடாது என்பர் ஒருசாரார். பக்தியைப் புகட்டினால்தான் ஒழுக்கம் வளரும் என்பர் மற்றொரு சாரார். இரண்டும் நம் பிள்ளைகளுக்கு உதவா என்பதே என் கருத்து.

கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையைச் சுற்றியுள்ள ஒரு வகுப்பறையை எண்ணிப் பாருங்கள். ஆடி மாதத்தில் கங்கையம்மனுக்குக் கூழ் வார்க்கும் வீட்டுப் பிள்ளையும், ஞாயிறுதோறும் சபைக்குச் செல்லும் வீட்டுப் பிள்ளையும் ஒரே பலகையில் அமர்கின்றனர். பழவேற்காட்டுப் பக்கத்து இசுலாமியப் பிள்ளையும், ஆந்திர எல்லையோரத் தெலுங்குப் பிள்ளையும், இலங்கைத் தமிழர் முகாமிலிருந்து வரும் பிள்ளையும், ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் பிழைக்க வந்தோர் பிள்ளையும் உடனிருக்கின்றனர். இவர்கள் நடுவே சமயமே இல்லாததுபோல் ஆசிரியர் நடிக்க இயலுமா? தமிழ்ப் பாடத்தைத்தான் நடத்த இயலுமா? தேவாரமும் மணிமேகலையும் சீறாப்புராணமும் தேம்பாவணியும் நம் இலக்கியச் செல்வங்கள். சீறாப்புராணத்தை நடத்துவதால் எவரும் இசுலாமியர் ஆவதில்லை. தேவாரத்தை நடத்துவதால் எவரும் சைவர் ஆவதில்லை.

சட்டம் சொல்வதும் இதற்கு மாறானதன்று. முழுவதும் அரசு நிதியால் நடைபெறும் கல்வி நிலையத்தில் சமயப் போதனை கூடாது என்கிறது அரசியலமைப்பின் 28ஆம் பிரிவு. 1948 டிசம்பர் 7ஆம் நாள் அரசியல் நிர்ணய சபையில் இதுபற்றிய விவாதத்திற்கு விடையளித்த அண்ணல் அம்பேத்கர் மூன்று காரணங்களை முன்வைத்தார். எல்லாரும் செலுத்தும் வரிப்பணத்தை ஒரு சமயத்தின் நலனுக்குச் செலவிடலாகாது. இந்நாட்டில் சமயங்கள் பலவாதலின் எல்லாவற்றையும் போதிப்பது இயலாது. தத்தம் நெறியே மெய்ந்நெறி என்று சமயங்கள் ஒன்றோடொன்று முரணும்போது பள்ளியின் அமைதி குலையும். அதே விவாதத்தில், கோட்பாட்டை நம்பச் செய்வது வேறு, ஆராய்ந்து கற்பது வேறு என்றும் அவர் தெளிவுபடுத்தினார். குருநானக்கின் வாழ்வையும் கருத்துகளையும் கற்பதற்கு ஏற்பாடு செய்வது சமயப் போதனை ஆகாது என்று 1971இல் உச்ச நீதிமன்றமும் கூறியது. நம் மாவட்டத்துத் திருத்தணியில் பிறந்த டாக்டர் இராதாகிருஷ்ணன் தலைமையிலான பல்கலைக்கழகக் கல்விக் குழு (1948-49), சமயப் பெரியோர் வரலாறுகளைக் கல்லூரி மாணவர் கற்க வேண்டுமெனப் பரிந்துரைத்தது. இருவர் நோக்கும் வேறு. எனினும், சமயம் அறிவுக்குரிய பொருள் என்பதில் வேறுபாடில்லை.

இவ்வெல்லையை மீறினால் என்ன நேரும் என்பதை அண்மையில் கண்டோம். 2024 ஆகஸ்ட் 28ஆம் நாள் சென்னையில் இரண்டு அரசுப் பள்ளிகளில் தன்னம்பிக்கைச் சொற்பொழிவு என்ற பெயரில் ஒருவர் பேசினார். உடற்குறையோடும் வறுமையோடும் பிறப்பது முற்பிறவிப் பாவத்தின் பயன் என்னும் கருத்துப்படப் பேசினார். அங்கிருந்த பார்வையற்ற தமிழாசிரியர் ஒருவர் எழுந்து, பள்ளியில் இதைப் பேசலாமா என்று எதிர்த்துக் கேட்டார். செய்தி பரவியது, தமிழகமெங்கும் எதிர்ப்பு எழுந்தது, பேசியவர் பின்னர்க் கைது செய்யப்பட்டார்.

அன்பர்களே! இது நமக்குப் புதிய பேச்சா? நம் பாட்டன்மாரைச் சேரியில் வைத்ததற்கும், கிணற்றையும் கோயிலையும் பள்ளியையும் அவர்களுக்கு மூடியதற்கும் சொல்லப்பட்ட காரணம் இதுதானே? அதைத் தெருவில் ஒருவர் சொன்னால் மறுத்துவிட்டு நடக்கலாம். பள்ளி மேடையிலிருந்து வந்தால் பிள்ளை அதைப் பாடமாகவே கொள்ளும். 28ஆம் பிரிவு நம் பிள்ளைகளுக்கு ஒரு வேலி என்பதை நாம் மறத்தலாகாது.

ஆனால், அதே கருத்தை ஒரு மாணவனே தன் கட்டுரையில் எழுதினால் என்ன செய்வது? 'நாங்கள் ஏழைகளாகப் பிறந்தது போன பிறவிப் பாவம்' என்று எட்டாம் வகுப்பு ஏட்டில் எழுதுகிறான் என்று கொள்வோம். சிவப்பு மையால் அடித்துவிட்டால் கருத்து அழியாது, மறைந்துகொள்ளும். ஓரத்தில் வினாக்களை எழுதுங்கள். 'இதை உனக்குச் சொன்னவர் யார்? உன் பாட்டனார்க்கு நிலம் இருந்ததா? அவர் பெற்ற கூலி எவ்வளவு? அவர் பள்ளிக்குச் சென்றாரா? வீட்டில் கேட்டு எழுதி வா.' அவன் கேட்டு எழுதிவரும் இரண்டாம் கட்டுரையே அவனுக்குக் கல்வி.

இவ்வளவுகோல் எல்லார்க்கும் பொதுவாதல் வேண்டும். 'செபத்தால் என் தாயின் நோய் தீர்ந்தது' என்று ஒரு சிறுமி எழுதினால் எள்ளி நகையாடுதல் தகாது. தாய் அவ்வாறு நம்புவது உண்மை. அதை அவள் எழுதலாம். செபித்தால் எல்லார் நோயும் தீரும் என்று எழுதினால் சான்று கேட்க வேண்டும். மருத்துவமனைக்குச் சென்றீர்களா என்றும் கேட்க வேண்டும். 'கடவுள் இல்லை' என்று எழுதும் மாணவனிடமும் காரணம் கேட்க வேண்டும். பக்கத்துப் பலகைப் பிள்ளையை இகழாமல் எழுதக் கற்பிக்க வேண்டும். நான் கண்டது, நான் நம்புவது, சான்றால் நிறுவப்பட்டது என மூவகை வாக்கியங்களைப் பிரித்தறியும் பயிற்சி போதும். மதிப்பெண் மொழிக்கும் காரணத்திற்குமே. நம்பிக்கைக்கு மதிப்பெண் கூட்டவோ குறைக்கவோ ஆசிரியர்க்கு உரிமையில்லை.

நம் சமுதாயத்திற்கே உரிய மற்றொரு துன்பத்தையும் சொல்லியாக வேண்டும். பட்டியல் சாதித் தகுதி இன்று இந்து, சீக்கியர், பௌத்தர் ஆகியோர்க்கே உண்டு. சீக்கியர்க்கு 1956இலும் பௌத்தர்க்கு 1990இலும் அது விரிவுபடுத்தப்பட்டது. நம் உறவினரே கிறித்தவராயின் தமிழகத்தில் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில்தான் இடம் பெறுவர். இதை மாற்ற வேண்டுமெனத் தமிழகச் சட்டமன்றம் 2023 ஏப்ரல் 19 அன்று தீர்மானம் நிறைவேற்றியது. சட்டம் இன்னும் மாறவில்லை. ஆகவே சில வீடுகளில், 'பள்ளியில் சர்ச்சைப் பற்றி எழுதாதே, சான்றிதழ் போய்விடும்' என்று பிள்ளைக்குச் சொல்லி அனுப்புகின்றனர். 'நான் விரும்பும் திருவிழா' என்று தலைப்புக் கொடுத்தால், டிசம்பரில் புத்தாடை உடுத்தும் பிள்ளை பொங்கலைப் பற்றிப் புத்தகத்தில் உள்ளவாறே எழுதி வைக்கிறது. எழுத்தின் முதல் பாடமே உண்மையை மறைப்பதாகிவிட்டால், அப்பிள்ளை பின்னாளில் எதைத் துணிந்து எழுதும்?

கட்டுரை ஏடு விசாரணை ஏடன்று. ஆகவே ஆசிரிய நண்பர்களை வேண்டுகிறேன். ஒரே தலைப்பைத் திணியாமல் மூன்று தலைப்புகள் கொடுங்கள். பிள்ளையின் இசைவின்றி அதன் கட்டுரையை வகுப்பில் உரக்கப் படிக்காதீர்கள். ஏட்டில் கண்ட குடும்பச் செய்தியை ஆசிரியர் அறையில் பேசாதீர்கள். எழுதாதிருக்க விரும்பும் பிள்ளையையும் வற்புறுத்தாதீர்கள். நாட்டுப்பண் இசைக்கும்போது எழுந்து நின்று, தம் சமய நம்பிக்கை காரணமாகப் பாடாதிருந்த கேரளப் பிள்ளைகள் மூவரைப் பள்ளியிலிருந்து நீக்கியது தவறு என்று 1986இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மௌனத்திற்கும் உரிமை உண்டு.

மணிமேகலைக் காப்பியத்தின் 27ஆம் காதையை நினைவூட்ட விரும்புகிறேன். வஞ்சி மாநகரில் மணிமேகலை பல சமயக் கணக்கரையும் ஒருவர்பின் ஒருவராக அணுகி, அவரவர் கொள்கையை அவரவர் வாயாலேயே கேட்கிறாள். அனைத்தையும் கேட்டு ஆராய்ந்த பின்னரே அவள் தன் நெறியைத் தேர்கிறாள். அண்ணல் அம்பேத்கரும் 1935இல் இயோலாவில், இந்துவாக இறக்கமாட்டேன் என்று அறிவித்தார். 1956 அக்டோபர் 14இல்தான் நாகபுரியில் பௌத்தம் தழுவினார். இடைப்பட்ட இருபத்தோராண்டுகளும் கற்பதிலும் ஆராய்வதிலும் வாதிடுவதிலும் கழிந்தன. நம் பிள்ளைகள் வளர்ந்து எந்நெறியைத் தழுவினாலும், எந்நெறியையும் தழுவாதிருந்தாலும், அது அவர்கள் தாமே ஆராய்ந்து கொண்ட முடிவாக இருத்தல் வேண்டும். அதற்கான பயிற்சியைக் கட்டுரை ஏட்டில் தொடங்கலாம்.

நம் கழகம் நடத்தும் மாலை வகுப்புகளில் வாரம் ஒரு நாளைக் கட்டுரைக்கென ஒதுக்குமாறு வேண்டுகிறேன். பெற்றோர்களே, பிள்ளை வீட்டுக்குக் கொண்டுவரும் ஏட்டில் மதிப்பெண்ணை மட்டும் பாராமல், ஓரத்தில் ஆசிரியர் எழுதிய வினாவையும் படிக்கச் சொல்லிக் கேளுங்கள். உங்கள் பாட்டன் கதையைச் சொல்லி விடையெழுத உதவுங்கள்.