‘இது கதைதான், சார்!’

(திருச்சுழி வட்டார ஆசிரியர்களுக்கான பயிற்சியில் பேசியதன் எழுத்து வடிவம்)

2021இல் ராட்டர்டாம் திரைப்பட விழாவில் டைகர் விருது பெற்ற தமிழ்ப்படம் ‘கூழாங்கல்’. இயக்கியவர் மேலூர்ப் பக்கத்தைச் சேர்ந்த பி.எஸ்.வினோத்ராஜ். குடிகாரத் தந்தை ஒருவர், வகுப்பில் இருக்கும் மகன் வேலுவை வெளியே அழைத்துக்கொண்டு, கோபித்துப் போன மனைவியைக் கூட்டிவரக் கிளம்புகிறார். பேருந்துக்கான பணத்தை வேலு கிழித்துப்போட, இருவரும் வெயிலில் நடந்தே ஊர் திரும்புகிறார்கள். கதை இவ்வளவுதான்.

ஆனால் அந்த வெயில் நிஜம். அரிட்டாபட்டிப் பக்கத்துக் கோடை அது. வேலுவாக வரும் சிறுவன் அதற்கு முன் நடித்ததில்லை. எலி பிடித்துச் சுட்டுத் தின்னும் குடும்பத்தையும், குழியில் ஊறும் தண்ணீரை மொண்டு குடம் நிரப்பும் பெண்களையும் கேமரா பொறுமையாகக் காத்திருந்து காட்டுகிறது. எது நடிப்பு, எது வாழ்க்கை என்று பிரிக்க முடியவில்லை. ஈரானின் அப்பாஸ் கியாரோஸ்தமி 1990இல் ‘க்ளோஸ் அப்’ படத்தில் ஒரு மோசடி வழக்கில் சம்பந்தப்பட்டவர்களையே அவரவராக நடிக்க வைத்தார். அந்த மரபின் நம்மூர்க் கிளை என்று இதைச் சொல்லலாம்.

இந்தப் படத்தின் விதை, கணவர் வீட்டிலிருந்து துரத்தப்பட்டுக் குழந்தையோடு 13 கிலோமீட்டர் நடந்தே வந்த இயக்குநரின் சகோதரி. நிஜத்தில் நடந்தவர் அவர். படத்தில் நடப்பவர் கணவர். பட்டதைச் சொல்லவும், அதை மாற்றிப் பார்க்கவும் கதை இடம் தருகிறது.

நம் பிள்ளைகளுக்கும் அந்த இடம் வேண்டும். ‘என் குடும்பம்’ என்று கட்டுரை எழுதச் சொன்னால் எல்லா அப்பாவும் நல்லவர், எல்லா வீட்டிலும் மகிழ்ச்சி. நான் எட்டாம் வகுப்பில், ‘உங்கள் ஊரில் ஒரு பையன் அல்லது பெண்; ஒரு நாள் நடந்தது; பெயரை மாற்றிக்கொள்ளுங்கள்’ என்று மட்டும் சொன்னேன். ஒரு மாணவன், சீமைக்கருவேலக் கரிமூட்டத்துக்கு இரவுக் காவல் இருக்கும் பையனைப் பற்றி எழுதினான். மண் வெடித்துக் காற்றுப் புகுந்தால் விறகெல்லாம் சாம்பலாகிவிடும். அதனால் அந்தப் பையன் கண்ணயர முடியாது. முதல் பாடவேளையில் இவன் ஏன் தூங்குகிறான் என்பது எனக்குப் புரிந்தது. நோட்டைத் தரும்போதே, “இது கதைதான், சார்” என்றான். “நல்ல கதை” என்று மட்டும் சொன்னேன். பிறகு அவன் அப்பாவைத் தனியாகப் பார்த்துப் பேசினேன். பள்ளி நாள்களில் அவனைக் காவலுக்கு அனுப்புவதில்லை என்று ஒப்புக்கொண்டார்.

மூன்று வேண்டுகோள்கள். இப்படி எழுதுவதற்கு மதிப்பெண் போடாதீர்கள். ‘இது உன் வீட்டுக் கதையா?’ என்று வகுப்பில் கேட்காதீர்கள். பிள்ளைக்கு ஆபத்து என்று தோன்றினால் தலைமையாசிரியரிடம் சொல்லுங்கள். சிறார் உதவி எண் 1098 இருக்கிறது.

‘கூழாங்கல்’லில் கடுமையான வசைச்சொற்கள் உண்டு. அதனால் அது மாணவர்களுக்குத் திரையிட அல்ல, நாம் பார்க்க. வகுப்பு வாசலில் ஒரு தந்தை வந்து நின்று பிள்ளையைக் கூப்பிடுவது நம் பள்ளிகளில் வாராவாரம் நடப்பதுதான். அந்தப் பிள்ளை அதன்பின் எங்கே நடந்துபோகிறது என்பதை இந்தப் படத்தில் பார்க்கலாம்.