உடைமையாளரில்லா நிலமா?



1788-ல் ஆஸ்திரேலியாவில் கால் வைத்த பிரிட்டிஷ் ஏகாதிபத்தியம் அந்த மண்ணை உடைமையாளரில்லாத நிலமாகவே நடத்தியது. பூர்வகுடிகள் நிலத்தைப் பண்படுத்தத் தெரியாதவர்கள் என்பதே கொள்ளைக்குச் சொன்ன நியாயம்.

உண்மை என்ன? விக்டோரியாவில் குண்டிட்ஜ்மாரா மக்கள் சுமார் 6,600 ஆண்டுகளுக்கு முன்பே எரிமலைப் பாறையில் வாய்க்கால் வெட்டி, அணை கட்டி, விலாங்கு மீன் வளர்த்தார்கள். வடக்கே வள்ளிக்கிழங்கு தோண்டியவர்கள், மீண்டும் துளிர்க்கட்டும் என்று அதன் தலைப்பகுதியை மண்ணிலேயே விட்டார்கள். பருவமறிந்து சிறு தீயிட்டுப் புல்வெளியைப் புதுப்பித்தார்கள். நாம் கேட்கிறோம்: இது உழைப்பல்லவா?

1992 ஜூனில், மர்ரே தீவின் எடி மாபோவும் மற்றவர்களும் தொடுத்த வழக்கில், நாட்டின் தலைமை நீதிமன்றமே அந்தப் பொய்யைத் தள்ளியது. தீர்ப்பைக் கேட்க மாபோ இல்லை, ஜனவரியிலேயே மறைந்துவிட்டார்.

பிறர் உழைப்பைக் காண மறுப்பவன் நிலத்தைப் பறிக்கவே வருகிறான். நாம் இதை மறக்கலாகாது!