தில்லைமரமும் கடல் ஏறிய கதையும்



சிதம்பரத்திற்குத் தில்லை என்னும் பெயரை ஈந்தது ஒரு மரம். உவர்நீர்க் கழியோரம் வளர்வது அது. அதன் பால் கண்ணில் பட்டால் பார்வை கெடும் என்பர். இன்று அம்மரத்தைக் காண விழைவோர் வெள்ளாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் இடைப்பட்ட பிச்சாவரம் செல்லவேண்டும். கடற்கரை ஓரிடத்தில் நிலைத்து நிற்பதன்று என்பதற்கு ஊர்ப்பெயரே சான்று.

ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன், கடைசிப் பனியூழியின் உச்சத்தில், வடபுலக் கண்டங்களின் மேல் நீர் பனிப்பாளமாய் உறைந்து கிடந்தது. கடல்மட்டம் இன்றையதினும் சுமார் 120 மீட்டர் தாழ்ந்திருந்தது. கடலூர்க் கரை கிழக்கே விலகியிருந்தது. தமிழகமும் ஈழமும் தரையால் இணைந்திருந்தன. பனி உருகக் கடல் ஏறிற்று. கடல்கொண்ட பஃறுளியாற்றைச் சிலப்பதிகாரம் நினைவுகூர்கின்றது. அந்நினைவு இவ்வேற்றத்தின் எச்சமெனத் துணியச் சான்றில்லை. எனினும் கடல் நிலத்தைக் கொள்ளும் என்பது வெறுங்கற்பனையன்று.

புவியின் சுற்றுப்பாதையிலும் சாய்விலும் நேரும் சிறு மாற்றங்களே பனியூழிகளின் வரவுக்கும் நீக்கத்துக்கும் தொடக்கம். அத்தொடக்கத்தைப் பெருக்கியது கரியமிலவாயு. அண்டார்க்டிகாவின் ஆழ்பனியில் சிறைப்பட்ட காற்றுக்குமிழிகள் 8,00,000 ஆண்டுக் கணக்கை வைத்திருக்கின்றன. பனியூழியின் உச்சத்தில் அவ்வாயு பத்து இலட்சத்தில் சுமார் 180 பங்கு. தொழிற்புரட்சிக்கு முன் 280. அந்நெடுங்கணக்கில் எங்கும் 300ஐத் தாண்டாத அளவு, இன்று 420ஐக் கடந்துவிட்டது. மிகுந்தது பெரிதும் நிலக்கரியும் எண்ணெயும் எரித்த புகை. கடலூர் மாவட்டத்து நெய்வேலியிலும் 1960கள் முதல் பழுப்பு நிலக்கரி எரிகின்றது. அவ்விளக்கொளியில் எழுதிய கவிஞரும் பலர்.

அன்று சுமார் 5 பாகை வெப்பம் ஏற ஏறத்தாழ 10,000 ஆண்டுகள் ஆயின. 1850க்குப் பின்னரோ, இரு நூற்றாண்டு நிறையுமுன்னரே 1 பாகைக்கு மேல் ஏறிவிட்டது. அன்று கடல் மெல்ல ஏறியபோது கழிமரங்கள் விதைவழியே உள்நாடு நோக்கிப் பெயர்ந்தன. இன்று அவற்றின் பின்னே வயலும் சாலையும் ஊரும் நிற்கின்றன, பெயர இடமில்லை. 2004 டிசம்பர் 26 அன்று ஆழிப்பேரலையின் வேகத்தைத் தணித்து, தன் பின்னிருந்த சிற்றூர்களைக் காத்தது பிச்சாவரக் காடு. காத்த காட்டுக்கே இன்று புகலிடம் வேண்டும்.

நெய்தலின் உரிப்பொருள் இரங்கல். பிரிந்தவனை எண்ணி இரங்கிய திணை, இனிக் கரையையே எண்ணி இரங்க நேரலாம். பத்தாண்டு நிறைவு காணும் இவ்வட்டத்துக் கவிஞர்கள் அவ்விரக்கத்தைக் காலம் கடக்குமுன் பாடவேண்டும். மரம் பெயர்வதற்கு இடம் விடும் மனம், பாட்டைக் கேட்டேனும் ஊரார்க்கு வரட்டும்.