நாகேஷ்: ஹீரோவுக்கு அப்புறம் வந்த வேஷங்கள்

இன்னைக்கு நம்ம பக்கத்துக்காரர் ஒருத்தரைப் பத்திப் பேசலாம். நாகேஷ். 1933-ல தாராபுரத்துல பிறந்தவர்.

அப்போ கோவையிலேயே சென்ட்ரல், பட்சிராஜானு ஸ்டூடியோக்கள் இருந்துச்சு. ஆனா நாகேஷ் நடிக்க வந்த காலத்துல சினிமாவே மெட்ராஸுக்குப் போயாச்சு. அவரும் போனார். பகல்ல ரயில்வே குமாஸ்தா வேலை, சாயங்காலம் நாடகம். ஒரு நாடகத்துல வயித்துவலிக்காரரா துண்டு வேஷம். அதைப் பார்த்த எம்.ஜி.ஆர். பாராட்டினார். 1959-ல 'தாமரைக்குளம்' படத்துல நடிச்சார்.

நாகேஷ்னாலே டைமிங், ரப்பர் மாதிரி வளையுற உடம்புனு சொல்வாங்க. எனக்கு அதைவிட முக்கியமாத் தெரியுறது வேற. 1964-ல வந்த 'காதலிக்க நேரமில்லை' படத்துல, அப்பா பாலையாகிட்ட செல்லப்பா பேய்க்கதை சொல்ற சீன் இருக்கே? கதவுச் சத்தம், காலடிச் சத்தம் எல்லாம் நாகேஷே கொடுப்பார். ஆனா நாம சிரிக்கிறது பாலையா முகத்தைப் பார்த்து. அவர் பயப்படறதுக்கு நாகேஷ் இடம் விடுறார். இதை நான் ரிவைண்ட் பண்ணிப் பண்ணிப் பார்த்திருக்கேன். ரெண்டு பேருமே துணை நடிகர்கள், கவனிங்க.

அதே 1964-ல 'சர்வர் சுந்தரம்' வந்தது. அதுல அவர்தான் ஹீரோ. அடுத்து 'நீர்க்குமிழி', 'எதிர்நீச்சல்'. அப்படி ஜெயிச்சவர், நடுவுல 1965-ல 'திருவிளையாடல்'ல தருமியா வர்றார். கொஞ்ச நேர வேஷம்தான். கோயில்ல தனியா நின்னு புலம்புவார், அப்புறம் சிவாஜியோட கேள்வி பதில். இன்னைக்கு மீம்ல இருக்கறது தருமிதானே!

ஹீரோவா நடிச்சுட்டுத் திரும்பச் சின்ன வேஷத்துக்கு வந்தா, அதை 'மார்க்கெட் போச்சு'னு நம்ம ஊர்ல சொல்லிடுவாங்க. ஆபீஸ்லயும் அப்படித்தான், டீம் லீடா இருந்தவர் மறுபடி டீம்ல உட்கார்ந்தா ஒரு மாதிரி பார்ப்போம். ஜப்பான்ல தகாஷி ஷிமுரானு ஒரு நடிகர். 1952-ல குரோசாவாவோட 'இகிரு' படத்தைத் தோள்ல சுமந்தவர். அதே இயக்குநரோட பிற்காலப் படங்கள்ல சின்னச் சின்ன வேஷத்துல வந்து போனார். அது சறுக்கல்னு எனக்குத் தோணல. நாகேஷ் விஷயத்துலயும் அப்படித்தான்.

1989-ல 'அபூர்வ சகோதரர்கள்'ல வில்லன். 1994-ல 'மகளிர் மட்டும்' படத்துல பிணம்! வசனம் கிடையாது, கண்ணைத் திறக்க முடியாது. சுத்தி இருக்கறவங்க இழுக்கற இழுப்புக்கு உடம்பைக் கொடுக்கணும், அவ்வளவுதான். அதுலயும் சிரிக்க வெச்சார். அதே வருஷம் 'நம்மவர்'ல மகளை இழந்த அப்பா. அதுக்குத்தான் சிறந்த துணை நடிகருக்கான தேசிய விருது கிடைச்சது.

2009 ஜனவரி 31-ல காலமானார். அதுக்கு முந்தின வருஷம்கூட 'தசாவதாரம்'ல நடிச்சிருந்தார். 'நம்மவர்' பார்க்காதவங்க இந்த வாரம் பாருங்க. அந்த அப்பா சீனைப் பத்தி உங்களுக்கு என்ன தோணுதுனு எழுதுங்க, அடுத்த எபிசோடுல பேசுவோம்.